டாலஸ் இரவோடு டீனா டர்னரை நிறுத்திவிடாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் பாடகி டீனா டர்னரைப் பற்றி அரைப்பக்கக் கட்டுரை வந்திருந்தது. வெளிநாட்டுப் பாடகர்களைப் பற்றித் தமிழ்ப் பத்திரிகையில் யாராவது எழுதினாலே எனக்குச் சந்தோஷம்தான், அதனால் முதலில் நன்றி. ஆனால் படித்து முடித்தபோது மனசு கனத்துப்போனது. அந்த அரைப்பக்கத்தில் முக்கால்வாசி, கணவர் ஐக் டர்னர் அவரை எதையெல்லாம் எடுத்து அடித்தார், முகம் எப்படி வீங்கியது, எப்படித் தப்பி ஓடினார் என்பதுதான். கடைசியில் நான்கு வரி, பிறகு தனியாகப் பாடிப் புகழ் பெற்றார், 2023-ல் காலமானார் என்று. பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. ஐம்பது வருஷம் மேடையில் நின்ற ஒரு பாடகியைப் பற்றி எழுதும்போது அவர் எப்படிப் பாடினார் என்று எழுத வேண்டாமா?

உங்கள் பத்திரிகையை மட்டும் குறை சொல்லவில்லை. உலகம் முழுக்க அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் இதைத்தான் செய்கிறார்கள். 1976 ஜூலை தொடக்கம், டெக்சாஸ் மாநிலத்தின் டாலஸ் நகரம், விமான நிலையத்திலிருந்து ஹோட்டலுக்குப் போகும் வழியில் காருக்குள்ளேயே அடி. ஐக் தூங்கிய நேரம் பார்த்து ரத்தக்கறை படிந்த உடையோடு வெளியேறி, லாரிகள் பறக்கும் நெடுஞ்சாலையைக் குறுக்கே கடந்து எதிரிலிருந்த இன்னொரு ஹோட்டலுக்குள் போய் அறை கேட்டார். கையில் 36 சென்ட் சில்லறையும் பெட்ரோல் பங்க் கார்டு ஒன்றும். எல்லாம் உண்மைதான். அவரே சொன்னதுதான். ஆனால் எழுதுகிறவர்கள் இந்த இரவை மூச்சுவிடாமல் விவரித்துவிட்டு, அடுத்த வரியிலேயே அவர் தனியாகப் பாடிப் புகழின் உச்சிக்குப் போன 1984-க்குத் தாவிவிடுகிறார்கள். நடுவில் இருக்கிற எட்டு வருஷம் எங்கே போனது? நான் இந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்ததே அந்த எட்டு வருஷத்துக்காகத்தான்.

அதற்கு முன்னால், அவர் ஐக்கின் கண்டுபிடிப்பு என்பதுபோல உங்கள் கட்டுரையில் ஒரு தொனி இருக்கிறது, அதைக் கொஞ்சம் பார்த்துவிடலாம். இயற்பெயர் ஆனா மே புல்லக். 1939 நவம்பர் 26-ல் டென்னசி மாநிலத்தில் பிறந்து, நட்புஷ் என்ற சின்ன ஊரில் வளர்ந்தவர். பருத்திக் காட்டில் வேலை பார்த்த குடும்பம், சின்ன வயதில் அவரும் பருத்தி பறித்திருக்கிறார். முதலில் அம்மா வீட்டை விட்டுப் போனார், சில வருஷம் கழித்து அப்பாவும் போய்விட்டார், பாட்டி வீட்டில் வளர்ந்தார். பாட்டி இறந்த பிறகு செயின்ட் லூயிஸ் நகரத்துக்கு அம்மாவிடம் வந்து சேர்ந்தவர், அங்கே ஒரு கிளப்பில் ஐக்கின் குழு வாசிப்பதை அடிக்கடி போய்க் கேட்பார். பதினேழு வயது. ஒருநாள் இடைவேளையில் மைக் கைக்கு எட்டியது, பி.பி. கிங்கின் பாட்டு ஒன்றைப் பாடினார். யாரும் சொல்லித்தரவில்லை. அந்தக் குரல் அவரோடு நட்புஷிலிருந்தே வந்தது, தேவாலயத்தில் பாடிப் பழகிய குரல்.

1960-ல் வேறொரு பாடகர் ரெக்கார்டிங்குக்கு வராததால் இந்தப் பெண் பாடி வைத்த 'எ ஃபூல் இன் லவ்' ஹிட் ஆனதும், ஐக் இவருக்கு டீனா டர்னர் என்று பெயர் சூட்டினார். இவரிடம் கேட்கவில்லை. இருவருக்கும் அப்போது கல்யாணமும் ஆகவில்லை. அந்தப் பெயரைத் தன் சொத்தாகவும் பதிவு செய்துகொண்டார். நாளைக்கு இந்தப் பெண் போய்விட்டால் இன்னொரு பெண்ணைக் கொண்டுவந்து அதே பெயரில் மேடையேற்றிவிடலாம் என்பது கணக்கு. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

அப்புறம் 1966. 'ரிவர் டீப் மவுண்டன் ஹை' பாட்டின் பதிவு. தயாரிப்பாளர் ஃபில் ஸ்பெக்டர், ஐக் ஸ்டுடியோ பக்கமே வரக் கூடாது என்பதற்காகவே அவருக்கு 20,000 டாலர் கொடுத்ததாகச் சொல்வார்கள். லாஸ் ஏஞ்சலஸில் கோல்டு ஸ்டார் ஸ்டுடியோ, பெரிய வாத்தியக் கூட்டம், பின்னணிப் பாடகர்கள். டீனாவைத் திரும்பத் திரும்பப் பாட வைத்தார் ஸ்பெக்டர். வியர்வையில் சட்டை நனைந்து உடம்போடு ஒட்டிக்கொள்ள, கடைசியில் விளக்கை அணைக்கச் சொல்லி, சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு, இருட்டில் உள்ளாடையோடு நின்று பாடினாராம். பாட்டை இப்போது கேட்டாலும் அந்த உழைப்பு தெரியும். அத்தனை வாத்தியமும் ஒன்றாகச் சுவர்போல் எழும்பி வருகிறது, அதற்கு மேலே ஒற்றைக் குரல் ஏறி நிற்கிறது. எங்கேயும் வாத்தியம் அவரை மூடவில்லை. இங்கிலாந்தில் அது மூன்றாம் இடம் வரை போனது. அமெரிக்காவில் 88-ஆம் இடத்தோடு படுத்துவிட்டது. கறுப்பர்களின் வானொலிக்கு அது வெள்ளைக்காரப் பாட்டாகத் தெரிந்தது, வெள்ளையர்களின் வானொலிக்குக் கறுப்பர் பாட்டாகத் தெரிந்தது, இரண்டு பேரும் போடவில்லை. அத்தனையும் முடிந்து இசைத்தட்டில் யார் பெயர் என்று பார்த்தால் ஐக் அண்ட் டீனா டர்னர். ஐக் அந்தப் பதிவில் ஒரு சுரம்கூட வாசிக்கவில்லை.

1971-ல் 'பிரவுட் மேரி'. இது இன்னொரு குழுவின் பாட்டு, ஜான் ஃபோகர்ட்டி எழுதியது. இவர்கள் அதை எடுத்து முதல் பாதியை ஆற அமர, பேசுகிற மாதிரி பாடிவிட்டு, நடுவில் ஒரே தூக்காகத் தூக்கி ஓட வைத்தார்கள். அந்த ஓட்டத்தில் டீனாவும் பின்னால் நின்று பாடி ஆடும் ஐகெட்ஸ் என்ற குழுவின் பெண்களும் ஆடுகிற ஆட்டம் இருக்கிறதே, அந்த அடவுகளை அமைத்தது டீனாதான். குதிகால் உயர்ந்த செருப்போடு. அந்தப் பெண்களுக்குப் பயிற்சி கொடுத்ததும் அவர்தான். 1973-ல் வந்த 'நட்புஷ் சிட்டி லிமிட்ஸ்' பாட்டை எழுதியதும் அவரே. ஆக, ஒருவர் இசையமைத்து இன்னொருவர் வாயசைத்த கதை இல்லை இது. ஐக்கும் சாதாரண ஆள் இல்லைதான், 1951-ல் அவருடைய குழு வாசித்த ஒரு பாட்டைத்தான் ராக் அண்ட் ரோலின் முதல் பாட்டு என்று பலர் சொல்கிறார்கள். நல்ல இசைக்காரர். அதனால் அவர் செய்த கொடுமை குறைந்துவிடாது. இரண்டையும் சேர்த்தே எழுதலாம், வாசகர்களுக்குப் புரியும்.

சரி, இப்போது அந்த எட்டு வருஷத்துக்கு வருகிறேன்.

டாலஸிலிருந்து கிளம்பியபோது டீனாவுக்கு 36 வயது. ஒப்புக்கொண்ட கச்சேரிகளைப் பாதியில் விட்டுவிட்டு வந்ததால், ஏற்பாடு செய்தவர்களுக்கு நஷ்டஈடு கொடுக்க வேண்டிய பொறுப்பு அவர் தலையில் விழுந்தது. நான்கு பையன்கள், அதில் இரண்டு பேர் ஐக்கின் முந்தைய உறவில் பிறந்தவர்கள், அவர்களையும் இவர்தான் பார்த்துக்கொண்டார். நண்பர்கள் வீட்டில் தங்கி, சும்மா இருக்கப் பிடிக்காமல் அந்த வீடுகளைப் பெருக்கித் துடைத்துக் கொடுத்திருக்கிறார். ஏழைகளுக்கு அரசாங்கம் தருகிற உணவுக் கூப்பனில் சாப்பிட்டிருக்கிறார். இசை ரசிகர்கள் எல்லோருக்கும் முகம் தெரிந்த பாடகி, கூப்பனை நீட்டி மளிகை வாங்குகிறார். 1978-ல் விவாகரத்து முடிந்தபோது சொத்தில் பெரும்பகுதியை வேண்டாம் என்று விட்டுக்கொடுத்தார். ஒன்றை எதற்காகவும் விடவில்லை. டீனா டர்னர் என்ற பெயர். யாரோ தன்னைக் கேட்காமல் வைத்த பெயர், இன்னொருத்திக்கு மாற்றிவிடலாம் என்று பதிவு செய்து வைத்த பெயர், அதைக் கோர்ட்டில் கேட்டு வாங்கினார். அந்தப் பெயரை வைத்துத்தான் இனி வேலை தேட முடியும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. எவ்வளவு தெளிவு! உங்கள் கட்டுரையில் இது ஒரு வரியாகக்கூட வரவில்லை என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை.

வேலை என்றால் என்ன வேலை? தொலைக்காட்சியில் வினாடி வினா மாதிரி நிகழ்ச்சிகளில் பிரபலங்களில் ஒருவராக உட்காருவது. லாஸ் வேகஸ் ஹோட்டல்களில் இறகும் ஜிகினாவும் வைத்த உடையில், சாப்பிட்டுக்கொண்டிருக்கிறவர்களுக்கு முன்னால் பாடுவது. கம்பெனிகள் நடத்துகிற கூட்டங்களில் பாடுவது. இரண்டு தனி ஆல்பம் வெளியிட்டார், இரண்டும் விற்கவில்லை. 1979-ல் நிறவெறி ஆட்சியிலிருந்த தென்னாப்பிரிக்காவுக்கும் போய்ப் பாடினார். அதற்கு விமர்சனம் வந்தது, அங்கிருந்த அரசியல் தனக்கு அப்போது தெரியாது என்று பிறகு வருத்தப்பட்டார். எனக்கும் அது உறுத்தல்தான், அதை மறைத்து அவரைத் தெய்வமாக்கவும் வேண்டாம். கடன் கழுத்தை நெரித்த காலம் என்பதையும் சேர்த்துச் சொன்னால் போதும். அத்தனை கச்சேரியிலும், கூட்டம் இருந்தாலும் இல்லாவிட்டாலும், முழு ஆட்டம் முழுக் குரல். கடனை அடைத்தார்.

இந்தச் சமயத்தில்தான் ரோஜர் டேவிஸ் என்ற ஆஸ்திரேலிய மேனேஜர் வருகிறார். சான் பிரான்சிஸ்கோவில் ஒரு ஹோட்டலில் இவர் பாடுவதைப் பார்த்துவிட்டுச் சொன்ன யோசனைகள் ரொம்ப நடைமுறையானவை. இந்த வாத்தியக் குழுவை மாற்று, ஜிகினா வேண்டாம், சாப்பாட்டு மேஜைக் கூட்டம் வேண்டாம், ராக் பாடு. டீனாவுக்கும் அதுதான் ஆசை, ஸ்டேடியங்களை நிரப்புகிற ராக் பாடகியாக வேண்டும் என்று. நாற்பது வயதைத் தாண்டிய ஒரு கறுப்பினப் பெண் அன்றைய அமெரிக்காவில் இப்படி ஆசைப்படுவது எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசித்துப் பாருங்கள். 1981-ல் நியூயார்க் ரிட்ஸ் கிளப்பில் பாடினார், பாடகர் ராட் ஸ்டூவர்ட் தன்னோடு தொலைக்காட்சியில் பாடக் கூப்பிட்டார், ரோலிங் ஸ்டோன்ஸ் ராக் குழுவினர் தங்கள் கச்சேரிக்கு முன்னால் பாட வைத்தார்கள். இசைக்காரர்கள் எல்லோருக்கும் இவர் யார் என்று தெரிந்திருந்தது. இசைத்தட்டுக் கம்பெனிகளுக்குத்தான் தெரியவில்லை. கேபிடல் என்ற இசைத்தட்டு நிறுவனத்தில் ஒப்பந்தம் கிடைத்தும் புதிதாக வந்த அதிகாரிகளுக்கு இவர் மேல் ஆர்வமில்லை. 1983-ல் புகழ்பெற்ற ராக் பாடகர் டேவிட் போவி, தனக்குப் பிடித்த பாடகியைப் பார்க்க ரிட்ஸுக்குப் போகிறேன் என்று சொல்லப்போய்தான் அதிகாரிகள் கூட்டமாக வந்து பார்த்தார்கள்.

அந்த வருஷக் கடைசியில் லண்டனில் பதிவான 'லெட்ஸ் ஸ்டே டுகெதர்' இங்கிலாந்தில் ஆறாம் இடம் பிடித்தது. உடனே கம்பெனி ஆல்பம் கேட்டது, அதுவும் அவசரமாக. ஏறக்குறைய இரண்டே வாரத்தில் லண்டனில் வெவ்வேறு தயாரிப்பாளர்களோடு பாடி முடித்த ஆல்பம்தான் 'பிரைவேட் டான்சர்'. தலைப்புப் பாட்டு ராக் பாடகர் மார்க் நாஃப்ளர் தன் குழுவுக்காக எழுதியது, ஆண் குரலுக்கு ஒத்துவராது என்று ஒதுக்கி வைத்திருந்தார். 'வாட்ஸ் லவ் காட் டு டூ வித் இட்' பாட்டு டீனாவுக்கு முதலில் பிடிக்கவே இல்லை. டெர்ரி பிரிட்டனும் கிரஹாம் லைலும் எழுதிய மெல்லிய பாப் பாட்டு, தன் குரலுக்கு இது எதற்கு என்று நினைத்தார்.

அந்தப் பாட்டைத் தயவுசெய்து ஒருமுறை ஹெட்போன் வைத்துக் கேளுங்கள். சென்னை பர்மா பஜாரில் வாங்கிய கேசட்டில் தேயத் தேயக் கேட்டவள் நான், இப்போது போனில் கேட்கிறேன், இன்னும் சலிக்கவில்லை. இருபத்தைந்து வருஷமாக உச்சத்தில் கத்திப் பாடிப் பழகிய ஒருவர் இதில் கத்தவே இல்லை. கீழே, தொண்டையின் கரகரப்பு தெரிகிற இடத்தில், ஒவ்வொரு வரியையும் நிதானமாக வைக்கிறார். ஒரு வரி முடிகிற இடத்தில் குரல் லேசாகக் கிழிகிறது, அதைச் சரிசெய்யாமல் அப்படியே விட்டிருக்கிறார்கள். பல்லவி வரும்போது எல்லாரும் உயரே போவார்கள், இவரும் போகிறார், ஆனால் பாதி பலத்தில். மீதிப் பலம் உள்ளே இருக்கிறது என்று கேட்கிறவருக்குத் தெரிகிறது. காதலை நம்ப மாட்டேன் என்று சொல்கிற ஒரு பாட்டை இருபது வயதுக் குரல் பாடினால் அது கோபித்துக்கொண்ட மாதிரி இருந்திருக்கும். 44 வயதுக் குரல் பாடியதால் நம்பத் தோன்றுகிறது. 1984 செப்டம்பரில் அமெரிக்காவில் முதலிடம், மூன்று வாரம். அன்றைய தேதியில் அந்த இடத்தைப் பிடித்த தனிப் பாடகிகளில் அவர்தான் வயதில் மூத்தவர். அடுத்த வருஷம் அந்தப் பாட்டுக்கு ஆண்டின் சிறந்த பதிவு என்ற கிராமி விருது. ஆல்பம் ஒரு கோடிக்கும் மேல் விற்றது.

அதற்கப்புறம் நடந்ததை எல்லோரும் எழுதுகிறார்கள், நான் நீட்டவில்லை. 1988 ஜனவரியில் ரியோ டி ஜெனிரோவின் மரக்கானா ஸ்டேடியத்தில் ஒன்றே முக்கால் லட்சம் பேருக்கு மேல் திரண்டார்கள். 2000-ல் அறுபது வயதில் அவர் செய்த சுற்றுப்பயணம் அந்த வருஷம் வட அமெரிக்காவில் அதிகம் வசூலித்தது. கடைசிச் சுற்று 2009-ல் முடிந்தபோது வயது 69.

கொடுமையைப் பற்றி எழுதவே கூடாது என்று நான் சொல்லவில்லை. அவர் 1981-ல் ஒரு பத்திரிகைப் பேட்டியில் அதை வெளிப்படையாகச் சொன்னபோது, பிரபலமான பெண்கள் இப்படிப் பேசுவது அபூர்வம். அடி வாங்கிக்கொண்டு வெளியே சொல்லாமல் இருந்த எத்தனையோ பெண்களுக்கு அது தைரியம் கொடுத்தது. ஒருமுறை சொல்லிவிட்டால் கேள்விகள் நிற்கும் என்று நம்பித்தான் பேட்டி கொடுத்தார், 1986-ல் சுயசரிதையும் எழுதினார். நிற்கவில்லை, அதிகமானது. 1993-ல் அவர் வாழ்க்கையைப் படமாக எடுத்தார்கள். வெனிஸ் நகரத்தில் பத்திரிகையாளர்கள் சுற்றி உட்கார்ந்து படத்தைப் பற்றிக் கேட்கும்போது, தான் அதைப் பார்க்கவே இல்லை, அதையெல்லாம் திரும்பப் பார்க்க விருப்பமில்லை என்கிற அர்த்தத்தில் சொல்கிறார். அந்த வீடியோவில் அவர் முகத்தைப் பார்த்தால் நமக்கே குற்ற உணர்ச்சியாக இருக்கும். சாகிற வரைக்கும், பேட்டி எடுக்க வருகிற ஒவ்வொருவரும் ஐக்கைப் பற்றிய கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டுதான் வந்தார்கள். இறந்த பிறகாவது நாம் விடலாமே.

இது வெளிநாட்டுப் பாடகிகளுக்கு மட்டும் நடப்பதும் இல்லை. நம் ஊரில் பாடுகிற, நடிக்கிற பெண்களைப் பற்றிய கட்டுரைகளை எடுத்துப் பாருங்கள், கல்யாணம், பிரிவு, வறுமை, மரணம், இந்த நான்கில் ஏதாவது ஒன்றுதான் தலைப்பு. ஆண் பாடகர் என்றால் ராகம், குருநாதர், சாதகம் செய்த கதை எல்லாம் வந்துவிடும். பெண்ணுக்கு மட்டும் ஏன் சாதகம் செய்த கதை வருவதில்லை?

இன்னொன்று. உங்கள் கட்டுரையில் அவர் சிறுநீரகம் பாதிக்கப்பட்டு அவதிப்பட்டார் என்று ஒரு வரி இருந்தது, ஏன் என்று இல்லை. அதைச் சொல்லியிருந்தால் நம் வாசகர்களுக்குப் பயன்பட்டிருக்கும். அவருக்கு ரத்த அழுத்தம் நெடுநாளாக இருந்தது. சுவிட்சர்லாந்தில் குடியேறி நிம்மதியாக இருந்த காலத்தில் பக்கவாதம் வந்தது, அழுத்தத்துக்கான மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்து அதை விட்டுவிட்டு ஹோமியோபதிக்குப் போனார். சிறுநீரகம் கெட்டுப்போனது. 2017-ல் இரண்டாவது கணவர் எர்வின் பாக் தன் சிறுநீரகத்தில் ஒன்றைக் கொடுத்துக் காப்பாற்றினார். வாழ்நாள் முழுக்க மாத்திரை எடுத்தே ஆக வேண்டும் என்பதை ஏற்க மறுத்ததுதான் தன்னை ஆபத்தில் தள்ளியது என்று 2023 மார்ச்சில், இறப்பதற்கு இரண்டு மாதம் முன்னால், அவரே எழுதினார். பிரஷர் மாத்திரையை டாக்டரைக் கேட்காமல் நிறுத்துகிறவர்கள் நம் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். அதைப் பெட்டிச் செய்தியாகவே போட்டிருக்கலாம்.

எனக்கு இருக்கிற வேண்டுகோள் இதுதான். நவம்பர் 26 அவருடைய பிறந்தநாள். உங்கள் இணைப்பில் மறுபடி அரைப்பக்கம் ஒதுக்குங்கள். டாலஸ் இரவுக்கு இரண்டு வரி போதும். 1976-லிருந்து 1984 வரை அந்தப் பெண் எந்தெந்த ஹோட்டலில், என்ன பாட்டை, எத்தனை பேருக்கு முன்னால் பாடிக் கடனை அடைத்தார் என்று யாரையாவது தேடி எழுதச் சொல்லுங்கள். படமும் ஐக்கோடு நிற்கிற பழைய படம் வேண்டாம், மைக்கைப் பிடித்துக்கொண்டு ஆடுகிற படம் ஆயிரம் இருக்கிறது, அதில் ஒன்றைப் போடுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
திருச்சி